கொடுமுடிக் கோகிலம் கே. பி. சுந்தராம்பாள்

வெருகல் சித்திர வேலாயுத சுவாமி கோயிலின் திருவிழாக் காலத்து விடியற்பொழுதை அறியாதார் நமது பழைய மாணவருள் மிகச் சிலரே ஆவர். மகாவலியின் கிளையாகிய வெருகலாறு கோயிலருகே இருளோடு இருளாக ஓடிக்கொண்டிருக்கும். மணலிலே வண்டில்கள் அவிழ்த்து விடப்பட்டிருக்கும். ஈச்சிலம்பற்று, பூநகர், இலங்கைத்துறை, வட்டவன் முதலிய ஊர்களிலிருந்து வந்தோரும், கொட்டியாரக் குடாவைத் தாண்டி வந்தோரும் பாய் விரித்த இடத்திலேயே அயர்ந்து உறங்குவர். அந்நேரத்தில் மரக்கொம்பிற் கட்டிய ஒலிபெருக்கி சற்றே கரகரத்து, பின்பு ஒரு பெண்குரல் எழும். மென்மையான குரலன்று அது. வெண்கல மணியை அடித்துவிட்டது போன்ற கணீரென்ற குரல். உறங்குவோரை அதட்டி எழுப்பும் ஒரு பாட்டியின் உரிமை அக்குரலில் இருந்தது. சிறுவர்களாயிருந்த நாம் அதனை ஔவைப் பாட்டியின் குரலென்றே நம்பியிருந்தோம். ஔவையார் பல நூற்றாண்டுகளுக்கு முன் வாழ்ந்தவர் என்பதும், ஒலிபெருக்கியும் இசைத்தட்டும் அண்மைக்காலத்தவை என்பதும் எமக்குத் தெரிந்தே இருந்தன. ஆயினும் அவ்விரண்டு அறிவும் எமது மனத்தில் ஒன்றோடொன்று சண்டையிடவில்லை.

அக்குரலுக்கு உரியவர் கொடுமுடி கே. பி. சுந்தராம்பாள் அம்மையார். நாடக மேடையிலே தொடங்கி, வெள்ளித் திரையிலே நிலைத்து, ஏறக்குறைய அறுபதாண்டு காலம் தமிழ் மக்களின் செவியை ஆண்ட நடிகை அவர். நமது கல்லூரியின் இந்த நிறைவுவிழா மலரிலே அவரைப் பற்றி எழுதப் புகுந்தமைக்குக் காரணம் வெருகற் கோயில் ஒலிபெருக்கி மட்டுமன்று. அம்மையாரின் வாழ்வு திரும்பிய முனை இந்த இலங்கை மண்ணிலேதான் இருந்தது. திருநீறு பூசிய முகமும் ஊன்றுகோலுமாக அவரைத் திரையிற் கண்ட இளைய மாணவர்கள், அக்கோலத்துக்கு முன்பிருந்த சுந்தராம்பாளை அறியார்.

காவிரிக் கரையிலே, அக்காலத்துக் கோயம்புத்தூர் மாவட்டத்துக் கொடுமுடியில், 1908ஆம் ஆண்டு ஒக்டோபர் மாதத்தில் அவர் பிறந்தார். தாயார் பெயர் பாலாம்பாள். தம் ஊரையும் தாயையும் பெயரின் முன்னெழுத்துகளாகவே அம்மையார் இறுதிவரை சுமந்தார். தந்தையின் துணையின்றி வளர்ந்த குடும்பம். வறுமை என்றால் நாகரிகமான வறுமையன்று. அடுத்த வேளைச் சோற்றுக்கு வழி தெரியாத வறுமை. புகைவண்டிகளிலே பாடிப் பிறர் இடும் காசைப் பெற்ற சிறுமி அவரென்றும், அப்படிப் பாடக் கேட்ட ஒருவரே அவரை நாடகத்துக்குக் கொண்டுசேர்த்தாரென்றும் கூறுவர். கேட்டவர் யார் என்பதிலே வரலாறு எழுதுவோர் ஒத்துப்போவதில்லை. வேலு நாயர் நடாத்திய நாடகக் குழுவில் அவர் சிறு பிராயத்திலேயே சேர்ந்தார் என்பதிலே ஐயமில்லை.

முதலிற் கிடைத்த வேடங்களுள் ஒன்று நல்லதங்காள் நாடகத்துப் பிள்ளை வேடம். பஞ்சத்தால் வாடி, உணவுக்கு அழுது, ஈற்றிலே தாயின் கையாலேயே கிணற்றுள் எறியப்படும் பிள்ளைகளின் கதை அது. பசி என்றால் என்னவென்று ஆசிரியர் யாரும் அவருக்குக் கற்பிக்க வேண்டியிருக்கவில்லை. கொட்டகையில் இருந்த பெண்கள் அழுததில் வியப்பேது!

அக்கால நாடகம் எத்தகையது என்பதை இங்கே சிறிது விரித்துரைத்தல் நன்று. ஏனெனில், அம்மையாரின் குரல் ஏன் அவ்வாறு அமைந்தது என்பதற்கு விடை அதிலேதான் உண்டு. சங்கரதாஸ் சுவாமிகள் (1867–1922) இயற்றிய வள்ளி திருமணம், பவளக்கொடி, கோவலன், சாரங்கதரா முதலியவை தமிழ்நாடெங்கும் நடிகருக்கு மனப்பாடமாயிருந்தன. ஆகவே ஓரூரிலிருந்து இராஜபார்ட்டும், வேறோரூரிலிருந்து ஸ்திரீபார்ட்டும், இன்னோரூரிலிருந்து பபூனும் ஒப்பந்தத்தின்மேல் வந்து, ஒத்திகை ஏதுமின்றி அன்றிரவே மேடையேறுவர். இதனை ஸ்பெஷல் நாடகம் என்றனர். பாட்டும் கதையும் தெரிந்தவை. ஆனால் எதிரே நிற்பவர் எந்தக் கேள்வியைத் தொடுப்பார், எந்த இராகத்தை எடுத்து நீட்டுவார் என்பது தெரியாது. வள்ளி திருமணத்திலே தினைப்புனக் காட்சி தர்க்கத்துக்கும் பாட்டுக்கும் போர்க்களமாகவே விளங்கிற்று. ஒருவர் பாடியதை மற்றவர் மிஞ்சாவிடின் கொட்டகையே அவரைக் கைவிடும்.

ஒலிவாங்கி இல்லை. கூரைக் கொட்டகையும், காஸ் விளக்கும், தரையில் அமர்ந்த ஆயிரக்கணக்கான மக்களும், இடையே குழந்தைகளின் அழுகையும் கடலை விற்பவன் கூவலும் இருந்தன. அவை எல்லாவற்றையும் கடந்து கடைசி வரிசைக் கிழவனின் காதிலே சொல் தெளிவாக விழவேண்டும். எனவே நடிகர்கள் உச்ச சுருதியிலே பாடினர். சொல்லை மென்று விழுங்காமல் எழுத்தெழுத்தாக எறிந்தனர். பிற்காலத்தில் ஒலிவாங்கியின் முன்னே மெல்லப் பாடிப் பழகியவர்களுக்கு வாய்க்காத அந்த அழுத்தம் சுந்தராம்பாளுக்கு வாய்த்தது இந்தப் பயிற்சியினாலேதான்.

அவர் பெண் வேடத்தோடு நிற்கவில்லை. இராஜபார்ட் எனப்படும் ஆண் தலைமை வேடங்களையும் தாங்கினார். நமது கல்லூரியின் சரஸ்வதி பூசை நாடகங்களிலே சந்திரமதியாகவும் சாவித்திரியாகவும் சேலை உடுத்து நின்ற பழைய மாணவர்கள் (அவர்களுட் சிலர் இன்று பாட்டனார்கள், பெயரைக் குறிப்பிட்டால் எம்மோடு கோபிப்பர்) இதனை நினைந்து பார்க்கலாம். ஆண்பிள்ளைகள் பெண்ணாக நடிப்பது வழக்கமாயிருந்த உலகத்திலே, ஒரு பெண்பிள்ளை முடியும் வாளும் தரித்து அரசனாக வந்து நின்று, மண்டபத்தை அதிரப் பாடினாள்.

தமிழ்நாட்டு நாடகக் குழுக்களுக்கு இலங்கை அக்காலத்தில் அயல்நாடாகத் தோன்றியதில்லை. கொழும்பிலே நல்ல வசூல் இருந்தது. தனுஷ்கோடி சென்று, தலைமன்னாருக்குக் கப்பலேறி, அங்கிருந்து புகைவண்டி பிடித்தால் மறுநாள் கொழும்பு. அவ்வழியே வந்த சுந்தராம்பாள் இலங்கையிலே பெரும்புகழ் ஈட்டினார். 1926ஆம் ஆண்டில் அவர் கொழும்பிலே நடித்துக்கொண்டிருந்தபோது செங்கோட்டை எஸ். ஜி. கிட்டப்பாவும் இங்கே வந்து சேர்ந்தார்.

கிட்டப்பாவை அறியாத மாணவருக்காக ஓரிரு சொற்கள். 1906இல் செங்கோட்டையிலே ஏழை அந்தணக் குடும்பத்திற் பிறந்து, சிறு வயதிலேயே சங்கரதாஸ் சுவாமிகளின் நாடக சபையிற் சேர்ந்து, பின்பு கன்னையா கம்பெனியின் தசாவதார நாடகத்திலே நாடறியப் பெற்றவர். சங்கீத வித்துவான்கள் தாமும் வந்திருந்து வியந்து கேட்ட குரல் அவருடையது. அண்ணன் காசி ஐயர் ஆர்மோனியம் வாசிக்க, தம்பி பாடுவார்.

இருவரையும் ஒரே மேடையில் ஏற்றினால் என்ன என்று கொழும்பு இரசிகருக்கும் நாடக ஏற்பாட்டாளருக்கும் தோன்றியது இயல்பே. கிட்டப்பாவின் குரலுக்கு முன்னால் நீ நிற்கமாட்டாய் என்று சுந்தராம்பாளை அச்சுறுத்தியோரும் உண்டாம். அவருக்கு அப்போது பதினெட்டு வயது. நாடகம் வள்ளி திருமணம். கிட்டப்பா வேலன், சுந்தராம்பாள் வள்ளி.

இந்த இடத்திலே நாம் சற்றுத் தரித்து நிற்க விரும்புகிறோம். வள்ளி இந்த நாட்டு வேடர் மகள் என்பதும், முருகன் அவளைக் கதிர்காமத்திலே கைப்பிடித்தான் என்பதும் இலங்கைச் சைவர் வழிவழி கொண்ட நம்பிக்கை. ஈச்சிலம்பற்றைச் சூழ்ந்த கரையோரக் காடுகளில் வேடர் மரபினர் வாழும் ஊர்கள் இன்றும் உண்டு. வடக்கேயிருந்து கதிர்காமத்துக்கு நடந்து போகும் யாத்திரிகர் வெருகலிலே தங்கி, சித்திர வேலாயுதரை வணங்கிவிட்டே ஆற்றைக் கடப்பர். அத்தகைய நாட்டிலே, வள்ளியின் கதையை நடிக்க வந்த இரு இளைஞர் முதன்முதலாக ஒருவரையொருவர் பாட்டினால் எதிர்கொண்டனர். ஒருவரை ஒருவர் வீழ்த்துவர் என்று எதிர்பார்த்து வந்த கூட்டம், ஒருவர் குரல் மற்றவர் குரலை ஏந்தி மேலே உயர்த்தக் கண்டு வியந்தது. தர்க்கம் காதலாயிற்று. மறுவருடம், 1927இல், இருவரும் மணம் செய்துகொண்டனர்.

இவ்வளவோடு கதை முடிந்திருந்தால் அது வள்ளி திருமணமாகவே இருந்திருக்கும். ஆனால் கிட்டப்பாவுக்கு ஏற்கனவே ஊரிலே முறைப்படி மணந்த மனைவி இருந்தார். சுந்தராம்பாளோ வேறு சாதி. போதாததற்கு நாடகக்காரி. நாடகக்காரி என்ற சொல்லை அக்காலத்து மரியாதைப்பட்ட குடும்பங்கள் எந்தத் தொனியிற் சொல்லின என்பதை நமது பாட்டிமாரிடம் கேட்டவர்களுக்குத் தெரியும். கூத்தாடியைக் கைதட்டி இரசித்துவிட்டு, மறுநாட் காலையில் அவன் இருந்த திண்ணையைக் கழுவுகின்ற வழக்கம் நம்மூருக்கும் புதியதன்று. கிட்டப்பாவின் சுற்றத்தார் இம்மணத்தை மனமார ஏற்கவில்லை. மேடையிலே கோடானுகோடி மக்கள் பார்க்க வள்ளியும் வேலனுமாக நின்றவர்கள், மேடையை விட்டிறங்கியதும் கணவன் மனைவி என்று சொல்லிக்கொள்ள இடம் தேட வேண்டியிருந்தது.

இருவரும் சேர்ந்து ஸ்ரீகானசபா என்ற பெயரில் நாடகங்கள் நடாத்தினர். பணம் பெருகியது. கூடவே பிணக்கும் பெருகியது. பிறந்த குழந்தை சில நாட்களிலே இறந்தது. அப்பிரிவுக் காலத்திலே சுந்தராம்பாள் கணவருக்கு எழுதிய கடிதங்கள் பிற்காலத்தில் அச்சேறின. அவற்றை நாம் இங்கே எடுத்துக்காட்டப் போவதில்லை. ஒருவரை நோக்கி மட்டும் எழுதப்பட்ட சொற்கள் அவை. ஆயினும் படித்தவர் அறிவர்: மேடையிலே எவரையும் தர்க்கத்தில் வென்ற பெண், கடிதத்திலே ஒரு பதிலுக்காகக் காத்திருக்கிறாள்.

கிட்டப்பாவின் உடல் நலிந்தது. 1933ஆம் ஆண்டு டிசெம்பர் 2ஆம் நாள் அவர் இறந்தார். வயது இருபத்தேழுதான் நிரம்பியிருந்தது. சுந்தராம்பாளுக்கு வயது இருபத்தைந்து.

அன்றோடு அவர் பூவையும் பொட்டையும் களைந்தார். வண்ணச் சேலை உடுத்துவதை விட்டு வெள்ளாடை புனைந்தார். இனி எந்த ஆடவரோடும் இணையாக நடிப்பதில்லை என்று உறுதி பூண்டார். 1980இல் தாம் மறையும்வரை, நாற்பத்தேழு ஆண்டுகள், அவ்வுறுதியைக் காத்தார்.

கோயிற் பிரசங்கங்களிலும் சினிமாப் பத்திரிகைகளிலும் இச்செய்தியைக் கற்பின் பெருமையாக எடுத்துரைத்து மேலே போய்விடுவர். எமக்கு அது அவ்வளவு எளிதாகத் தோன்றவில்லை. ஒரு பக்கம் பார்த்தால், சுந்தராம்பாள் மனைவியா அல்லவா என்று பேசிக்கொண்டிருந்த உலகத்தின் வாயை அந்த வெள்ளைச் சேலை ஒரே நாளில் அடைத்துவிட்டது. மனைவி என்ற உரிமையை உயிரோடிருந்த கணவர் காலத்திலே கொடுக்கத் தயங்கியவர்கள், கைம்பெண் என்ற நிலையை மறுக்க முடியாமற் போயினர். மணமாலையால் நிலைநாட்ட முடியாததை அவர் துறவினால் நிலைநாட்டினார். மறுபக்கம் பார்த்தால், தமிழ் நாடக மேடை தனக்கு வாய்த்த மிகச் சிறந்த வள்ளியை இருபத்தைந்தாம் வயதிலேயே இழந்தது. ஆடவருள் எவரேனும் மனைவி இறந்தபின் இவ்வாறு விரதம் பூண்டனரா என்று நமது மாணவிகள் கேட்டால், கேட்பது நியாயமே. நம்மிடம் விடையில்லை.

சிறிது காலம் அவர் கொடுமுடியிலேயே முடங்கிக் கிடந்தார். பின்பு மெல்ல மேடைக்கு மீண்டார். எந்த வேடத்தோடு மீண்டார் என்பதே கவனிக்கத்தக்கது. ஆடவரோடு இணையாக நடிப்பதில்லை என்ற விரதத்தைக் காத்து நடிப்பதற்கு, அவர் சிறுவயதிற் கற்ற ஆண்வேடம் கைகொடுத்தது. தில்லைக்குப் போக ஏங்கும் புலைப்பாடித் தொண்டராகிய நந்தனாராக அவர் நின்றார். கோயிலின் வெளியே நிறுத்தப்பட்டவரின் ஏக்கத்தைப் பாட, குடும்பங்களின் வெளியே நிறுத்தப்பட்ட இவரினும் தகுதியானவர் யார்?

அவ்வேளை பேசும்படம் தமிழ்நாட்டுக்குப் புதிது. அசன்தாஸ் என்னும் வடநாட்டு வணிகர் நந்தனார் கதையைப் படமாக்க விரும்பி அவரை அணுகினார். சுந்தராம்பாளுக்கு விருப்பமில்லை. வந்தவரை விரட்டுவதற்கு வழியாக இலட்சம் ரூபா தந்தால் நடிக்கிறேன் என்றாராம். ஒரு முழுப் படத்தையும் அதனினும் குறைந்த செலவில் எடுத்து முடித்த காலம் அது. வணிகர் சம்மதித்துவிட்டார்! சொன்ன சொல்லினின்று மீள முடியாமல் அம்மையார் நடித்தார். மாணிக்லால் டாண்டன் நெறியாள்கை செய்த பக்த நந்தனார் 1935இல் வெளிவந்தது. வேதியராக நடித்தவர் சங்கீத உலகின் பெரியார் மகாராஜபுரம் விசுவநாத ஐயர். ஒரு நடிகைக்கு இலட்சம் ரூபா என்பதே ஊரெங்கும் பேச்சாயிற்று. படம் எதிர்பார்த்த அளவு ஓடவில்லை. ஆடவரை மிஞ்சிய ஊதியம் பெற்ற முதல் தமிழ்த் திரைக் கலைஞர் ஒரு கைம்பெண் என்பதும், அவர் ஏற்ற வேடம் ஓர் ஆண் வேடம் என்பதும் நிலைத்துவிட்டன. புகைவண்டியிலே காசுக்குப் பாடிய சிறுமியை நினைவிலிருத்திப் பார்த்தால் அத்தொகையின் கனம் தெரியும்.

மேடையைத் தவிர அவருக்கு இன்னொரு மேடையும் இருந்தது. விடுதலை இயக்கத் தலைவர் சத்தியமூர்த்தி நாடகக் கலைஞரை மதித்தவர். அவர் தூண்டுதலால் சுந்தராம்பாள் கதராடை பூண்டு காங்கிரஸ் கூட்டங்களிலே பாடினார். காந்தியடிகளைப் பாடிய அவர் இசைத்தட்டுகள் பட்டிதொட்டியெங்கும் ஒலித்தன. 1937ஆம் ஆண்டுத் தேர்தலிலே சென்னை மாகாணத்திற் காங்கிரஸ் பெற்ற வெற்றியில் அக்குரலுக்கும் பங்குண்டு. தலைவர்கள் பேசுமுன் கூட்டத்தைச் சேர்ப்பது அவர் பாட்டு. தலைவர்கள் பேசியபின் கூட்டம் கலையாமல் இருந்ததும் அவர் இன்னும் ஒன்று பாடுவார் என்ற ஆசையாலே. காந்தியடிகள் அவர் இல்லத்துக்கு வந்தபோது பொற்றட்டிலே உணவு படைக்க, உண்டு முடித்த அடிகள் தட்டையும் கேட்டு வாங்கி, ஏலத்தில் விற்றுப் பொதுநிதிக்குச் சேர்த்தார் என்று சொல்வர். 1950களில் அவர் சென்னைச் சட்ட மேலவையில் உறுப்பினரானார். திரையுலகிலிருந்து இந்தியாவின் சட்டமன்ற அவையொன்றினுட் புகுந்தோருள் அவரே முன்னோடி எனப் போற்றப்படுகிறார்.

1940இல் மணிமேகலை என்ற படத்திலே நடித்தார். அதன்பின் நெடுங்காலம் திரையில் அவர் இல்லை.

ஜெமினி ஸ்தாபனத்து எஸ். எஸ். வாசன் ஔவையார் வரலாற்றைப் பெருஞ்செலவிலே படமாக்கத் துணிந்தபோது, அவ்வேடத்துக்கு வேறெவரையும் நினைக்கவில்லை. கொத்தமங்கலம் சுப்பு நெறியாள்கை செய்த ஔவையார் 1953ஆம் ஆண்டு வெளியாயிற்று. யானைக் கூட்டம் கோட்டையை இடித்துத் தகர்க்கும் காட்சியைக் கண்டு வாய்பிளந்தோர் பலர். எமக்கோ மற்றொரு காட்சியே பெரிது. இளம்பெண்ணாகிய ஔவை மணவாழ்வை வேண்டாது, விநாயகப் பெருமானை இரந்து, தன் இளமையைக் கொடுத்து முதுமையைப் பெறுகிறாள். இளைய ஔவையாகக் குசலகுமாரி நடித்தார். முதுமை எய்திய கணத்திலிருந்து சுந்தராம்பாள் தோன்றுகிறார். அப்போது அம்மையாருக்கு வயது நாற்பத்தைந்துதான். நரைமுடியும் ஊன்றுகோலும் ஒப்பனை. ஆனால் இளமையைத் தானாகக் களைந்துவிட்ட ஒருத்தியின் அமைதி ஒப்பனையன்று. இருபது ஆண்டுகளுக்கு முன்பே கொடுமுடியிலே அக்காட்சி ஒருமுறை நடந்து முடிந்திருந்தது.

இதன்பின் தமிழ்மக்கள் ஔவையாரை வேறு முகத்தோடு எண்ணிப் பார்க்க இயலாதவராயினர். பாடப் புத்தகங்களிலே ஆத்திசூடி ஓதும் பிள்ளைகளுக்கும் ஔவைக்கு உரிய முகம் இதுவே. ஒரு நடிகைக்கு இதனினும் பெரிய வெற்றி இல்லை. ஒரு தொல்லையும் உண்டு. ஔவையானபின் அவரைச் சுந்தராம்பாளாகக் காண எவரும் முயலவில்லை.

1964இல் பூம்புகார் படத்திலே கவுந்தி அடிகளாக வந்தார். சிலப்பதிகாரம் கற்கும் நமது மாணவர் அறிவர்: கோவலனையும் கண்ணகியையும் மதுரை வரை அழைத்துச் செல்லும் சமணத் துறவி கவுந்தி அடிகள். மேடையிலே கோவலன் நாடகங்களைக் கண்டு வளர்ந்தவர், இப்போது அக்கதைக்கு வழித்துணையாக நடந்தார். அடுத்த ஆண்டு, 1965இல், ஏ. பி. நாகராஜனின் திருவிளையாடல் வந்தது. பழனி மலையிலே கோபித்து நிற்கும் குமரனை ஔவை பாடி ஆற்றும் காட்சியைக் காண நம்மூரவர் பட்ட பாடு கொஞ்சமன்று. அக்காலத்திலே ஈச்சிலம்பற்றிலிருந்து திருகோணமலைக்குப் பாலம் ஏது? ஆறு குறுக்கிட்ட இடங்களிலே பாதையேறிக் கடக்க வேண்டும். மூதூரை அடைந்து, அங்கிருந்து மோட்டார் வள்ளத்திலே குடாவைத் தாண்ட வேண்டும். திரும்புவதற்கு வள்ளம் இராது. இறங்குதுறையிலேயே படுத்துறங்கி மறுநாள் வந்தோம். வீட்டிலே அடி விழுந்தது. ஔவையாரைப் பார்க்கப் போனோம் என்றதும் அடி பாதியிலே நின்றது. வேறெந்த நடிகரின் பெயரைச் சொல்லியிருந்தாலும் அவ்வாறு தப்பியிருக்க மாட்டோம்.

எங்களூரின் முதியவர் ஒருவர், எழுத்தறியாதவர், நாட்டுக்கூத்திலே ஆடிப் பழகியவர், அப்படத்தைப் பார்த்துவிட்டு வந்து வித்தியாசமான ஒன்றைக் கூறினார். அந்த அம்மாள் குமரனோடு பேசும்போது பாட்டியாக மட்டும் பேசவில்லை, பழைய வள்ளி உள்ளேயிருந்து பேசுகிறாள் என்றார். அன்று எமக்கு அது விளங்கவில்லை. கொழும்பு மேடையின் செய்தியைப் பிற்காலத்திற் படித்தறிந்தபோதே விளங்கிற்று. 1926இல் வேலனோடு தினைப்புனத்திலே தர்க்கித்த அதே குரல், நாற்பது ஆண்டு கழிந்து, அதே வேலனிடம் இறங்கி வருமாறு கெஞ்சிற்று. காதலி என்ற உரிமையில் அவனோடு பேசும் வழியை அவர் தாமே மூடிவிட்டார். பாட்டி என்ற உரிமை எஞ்சியிருந்தது. அதைக்கொண்டு பேசினார்.

கந்தன் கருணை (1967) படத்திலும் ஔவையே. 1969இல் வெளிவந்த துணைவன் படப் பாடலுக்காக இந்திய அரசின் தேசிய விருது, சிறந்த பின்னணிப் பாடகி என்ற வகையிலே, அவருக்கு வழங்கப்பட்டது. அவ்விருது ஏற்படுத்தப்பட்ட இரண்டாம் ஆண்டு அது. பெற்றவருக்கு வயது அறுபதைக் கடந்திருந்தது. ஒலிவாங்கி இல்லாத கொட்டகையிலே பழகிய குரலை, ஒலிவாங்கியின் யுகம் முதுமையிலே தலைவணங்கி ஏற்றுக்கொண்டது. தமிழிசைச் சங்கம் 1966இல் இசைப்பேரறிஞர் பட்டமளித்தது. 1970இல் பத்மஸ்ரீ வந்தது. கொடுமுடியிலே தம் பெயரால் ஒரு திரையரங்கும் கட்டினார்.

1973இல் காரைக்கால் அம்மையார் வெளிவந்தது. கணவன் விட்டு நீங்கியபின், இவ்வழகு இனி யாருக்கென்று இறைவனை இரந்து, தசையுதறிப் பேயுருக் கொண்ட புனிதவதியின் கதை அது. இளைய புனிதவதியாக இலட்சுமி நடிக்க, பேயுருப் பெற்ற அம்மையாராகச் சுந்தராம்பாள் வந்தார். மணிமேகலை, ஔவை, கவுந்தி, காரைக்காற் பேய் என்று அவர் ஏற்ற வேடங்களை ஒருங்கே நோக்கினால், தமிழிலக்கியத்துத் துறவிப் பெண்கள் அனைவரும் ஒவ்வொருவராக அவர் வாயிலிலே வந்து நின்றது புலப்படும். அவர் தேடிப் போனாரா, அவர்கள் தேடி வந்தார்களா என்பதை அறியோம்.

1980ஆம் ஆண்டில் தமது எழுபத்திரண்டாம் வயதளவிலே அம்மையார் சென்னையில் மறைந்தார்.

அவருடைய இசைத்தட்டுகள் சிலவற்றை ஈச்சிலம்பற்று வீடொன்றிலே பெட்டியிற் பாதுகாத்து வைத்திருந்தனர். 2006இல் போரினால் ஊர் முழுவதும் இடம்பெயர்ந்தபோது அப்பெட்டி அங்கேயே விடுபட்டது. திரும்பி வந்தபோது வீட்டின் கூரையும் இல்லை, பெட்டியும் இல்லை. வெருகலிலே மறுபடி திருவிழா நடந்தபோது, பாட்டு வேறெங்கோ பதிவானதாய் வந்து ஒலிபெருக்கியில் ஒலித்தது. கரகரப்பு நீங்கித் தெளிவாயிருந்தது. எமது காதுக்கு அக்கரகரப்பு இல்லாதது ஒரு குறையாகவே பட்டது.

கொழும்பிலே 1926இல் வேலனும் வள்ளியும் முதன்முதல் எதிர்நின்று பாடிய அந்த இரவை எந்த இசைத்தட்டும் பதியவில்லை. கேட்டவர்கள் ஒருவரும் இன்று உயிரோடில்லை.